டாக்டரின் கையுறைக்கு வலித்தது

மருத்துவக் குழுவின் முன்னால் ரெஃபிக் வந்து நிற்பது இது பதினேழாவது வருடம். கண்ணிவெடியில் போன இடது கால் திரும்ப முளைத்துவிட்டதா என்று வருடா வருடம் பார்த்து, இல்லை என்று எழுதி முத்திரை குத்துவது அந்த போஸ்னிய நகராட்சியின் வழக்கம். நம்பிக்கையைக் கைவிடாத நகராட்சி.

இந்தத் தடவை அவனுக்கு வேண்டியது ஒரே ஒரு சிபாரிசுச் சீட்டு. சரயேவோவில் முகம் பார்க்கும் கண்ணாடியை வைத்தே இல்லாத காலில் வரும் வலியைக் குறைக்கிறார்களாம். இல்லாத விரல்கள் மடங்கி இழுக்கிற இழுப்பில் அவன் ஒழுங்காகத் தூங்கி எட்டு மாதம் ஆகிறது.

"எங்கே வலிக்குது?" என்றார் குழுத் தலைவர் டாக்டர் டிராகோ.

"இடது கால் கட்டை விரல்ல, டாக்டர்."

"அந்தக் கால் எங்கே?"

"நீங்கதானே பதினேழு வருஷமா தேடறீங்க!"

குமாஸ்தா ஸாஹிதா காபிக் கோப்பைக்குள் சிரித்தாள்.

"மேலே 'கால் இல்லை', கீழே 'கால் வலி'ன்னு எழுதினா என்னைப் பார்த்துதான்யா சிரிப்பாங்க. வலியெல்லாம் உன் மண்டையில" என்றார் டாக்டர்.

"அதையேதான் நானும் சொல்றேன். உங்க மண்டையும் அப்படித்தான். ரெண்டு நிமிஷம் குடுங்க, காட்டறேன். ஒண்ணும் ஆகலைன்னா இந்தப் பக்கமே வரமாட்டேன்."

கடைசி வாக்கியம் டாக்டருக்கு இனித்தது. சம்மதித்தார்.

நர்ஸ் ஒருத்தி சொல்லிக்கொடுத்த வித்தை அது. டாக்டரின் வலது கையைத் தடித்த கோப்புக்குப் பின்னால் மறைத்துவிட்டு, அவருடைய தோல் கையுறையைக் கண்ணெதிரே வைத்தான். இரண்டு பென்சில்களால் மறைந்த விரலையும் கையுறை விரலையும் ஒரே சமயத்தில் வருடினான்.

"கையுறையையே பாருங்க."

முதலில் டாக்டர் நக்கலாகப் பார்த்தார். போகப் போக நக்கல் காணாமல் போனது.

"என்ன டாக்டர், கூசுதா?" என்றாள் ஸாஹிதா.

"சும்மா இரும்மா!"

ரெஃபிக் சட்டென்று இரும்பு முத்திரையை எடுத்துக் கையுறையின் மேல் ஓங்கிக் குத்தினான்.

"ஐயோ, என் கை!" டாக்டர் நாற்காலியோடு பின்னால் சரிந்தார்.

"உங்க கையை யாரு தொட்டா?" என்றான் ரெஃபிக்.

டாக்டர் வலது கையை அக்குளில் செருகிக்கொண்டு, இடது கையால் கோழி கிளறினாற்போல் சீட்டில் கையெழுத்துப் போட்டார்.

"வலிக்கும் இடம்னு ஒரு கட்டம் இருக்கே டாக்டர், என்ன எழுதட்டும்?" என்றாள் ஸாஹிதா.

"கால் கட்டை விரல்னு எழுதித் தொலை. என் கையைப் பத்தி மட்டும் எங்கேயும் எழுதிடாதே."