நயீமாவின் மூன்றாவது படம்

நயீமா கட்டிலுக்கு எதிரே முக்காலியை விரித்துக் கமராவைப் பூட்டிக்கொண்டிருக்கையில் மாமியார் அக்னெஸ் உள்ளே வந்து அதன்மேல் துவாயைப் போட்டாள்.

"காணும் பிள்ளை. மனுசன் சாகக் கிடக்கிறார்."

"மாமாதான் எடுக்கச் சொன்னவர், மாமி."

மொறொக்கோவில் பிறந்த மருமகள். கணவன் றொக்சனிடம் பழகிய தமிழ்.

கட்டிலில் எமிலியானுஸ் கண் திறக்கவில்லை. மூச்சு மட்டும் கரகரத்தது. துறைமுகத்துக் கிடங்கில் கொன்டெய்னர் கதவு திறப்பது அவர் வேலை. பூச்சி சாகப் புகையடித்து அடைத்த கொன்டெய்னர்கள். காற்றாட விடாமலே உள்ளே இறங்கச் சொல்வார்கள் என்று மாரிக்கு முன் அவர் கமராவிடம் சொன்னதைக் குசினிக்குள் நின்று கேட்ட நாள்முதல் அக்னெஸுக்கு ஒழுங்கான நித்திரை இல்லை. மகன் றொக்சனுக்கும் அங்கேதான் வேலை.

நயீமா தன் படங்களைப் பற்றி எதையும் ஒளித்ததில்லை. முதல் படம் கசபிளாங்காவில் வீட்டுவேலைக்கு விடப்பட்ட சிறுமிகளைப் பற்றியது. அதில் பேசிய பிள்ளையை அந்த வீட்டார் துரத்திவிட்டார்கள். பிறகு அவளைக் கண்டவர் இல்லை. இரண்டாவது, ஸ்பெயினுக்குப் படகேறி மூழ்கிய பையன்களின் தாய்மாரைப் பற்றியது. வெளிநாட்டில் பரிசு கிடைத்தது. ஊர் மானத்தை வாங்கிவிட்டாள் என்று கூடப்பிறந்த தமையனே அவளுக்குக் கதவைச் சாத்தினான்.

"உன்ர படத்தில வாய் திறந்த ஆக்கள் ஆர் நல்லா இருக்கினம், சொல்லு பாப்பம்?"

நயீமா துவாயை எடுத்துவிட்டுக் கமராவைக் கழற்றிப் பைக்குள் வைத்தாள். வாசலில் நின்று திரும்பினாள்.

"றொக்சனும் அங்கதானே மாமி வேலை செய்யிறார்."

"அதுக்குத்தான் சொல்லுறன். அவன்ர வேலையும் போயிடும்."

பொழுது சாயமுன் எமிலியானுஸ் போய்விட்டார்.

மலர்ச்சாலையில் எமிலியானுஸின் பெட்டியடியில் செபமாலை சொல்லி முடிந்திருந்தது. நயீமா சுவரோடு வெறுங்கையாக நின்றாள். கிடங்கில் கூட வேலைசெய்தவர்கள் கடைசி வரிசையில் இருந்தார்கள். ஒருவரும் வேலையைப் பற்றிக் கதைக்கவில்லை. அப்போதுதான் சுப்பர்வைசர் பெரிய மலர்வளையத்தோடு வந்தார். அதைப் பெட்டியின் கால்மாட்டில் சாய்த்துவிட்டு, றொக்சனின் கையைப் பற்றிப் பிரெஞ்சில் மெதுவாகப் பேசினார். கார்டெரி என்ற குழந்தைகள் காப்பகத்தில் பல வருடம் சமைத்த அக்னெஸுக்கு அது விளங்கியது.

"வேலைக்கு வர அவசரப்படாதே. அப்பாவின் இடம் உனக்குத்தான். இனி நீதான் கதவு திறக்கப் போகிறாய்."

அந்த மனிதரின் கண் உண்மையாகவே கலங்கியிருந்தது. அதைக் கண்டபோதுதான் அக்னெஸ் மகனைத் திரும்பிப் பார்த்தாள்.

"மெர்சி" என்ற றொக்சன் முகத்தைத் திருப்பி இருமினான். வறண்ட இருமல். பனிக்குத் தடிமன் பிடித்திருக்கும் என்று நினைக்கப் பார்த்தாள். கடைசி வரிசையில் அருமைநாதன் இருமினார். அதே மாதிரி. பக்கத்தில் இருந்த பொடியன் வாயைப் பொத்திக்கொண்டான்.

அக்னெஸ் எழும்பி நயீமாவிடம் போனாள்.

"கமரா எங்க?"

"காரில, மாமி."

"எடுத்துக்கொண்டு வா."

"மாமி, நல்லா யோசிச்சு..."

"யோசிச்சிட்டன்."

நயீமா கோட்டும் போடாமல் பனிக்குள் இறங்கினாள். அக்னெஸ் பெட்டியடிக்குத் திரும்பி வந்தாள். மலர்வளையத்து ரிப்பன் மடிந்து, கொம்பனியின் பெயர் பாதி மறைந்திருந்தது. குனிந்து, பெருவிரலால் அதை நீவி, எழுத்தெல்லாம் தெரியும்படி விரித்துவிட்டாள். பிறகு கதிரையொன்றை இழுத்து அதன் பக்கத்தில் போட்டு, நிமிர்ந்து உட்கார்ந்தாள்.