ஆகாத நாள் இல்லாத நாடு

பீளமேட்டு நாடகக் கொட்டகையின் மேடையில், தெய்வாத்தாள் தன் நாடகத்துக்காகக் கற்பனை செய்த நாட்டின் பஞ்சாங்கம் பெரிய எழுத்தில் தொங்கியது. அந்நாட்டில் ஆண்டுக்குப் பத்தே மாதங்கள். உழவு, விதைப்பு, அறுவடை என உழைப்பே அவற்றின் பெயர். ஆகாத நாள் என்று ஒன்று கிடையாது.

நாடகம் முடிந்ததும், விதவையான அவளும் பஞ்சாலைத் தொழிலாளி செங்கோடனும் அங்கேயே மாலை மாற்றுவதாக ஏற்பாடு. அதற்குள் அவள் அண்ணன் சுப்பண்ணன், தடியேந்திய நான்கு பங்காளிகளோடு மேடையேறிவிட்டார்.

“மார்கழியில எவனாச்சும் கல்யாணம் பண்ணுவானா? ஊட்டுக்கு வா அம்மணி, நல்ல நாள் பார்த்து நானே பண்ணி வெக்கறேன்.”

வீட்டுக்குள் போனால் அந்தக் கதவு மறுபடி திறக்காது என்று அவளுக்குத் தெரியும். ஆடியில் கேட்டபோது ஆவணி என்றவர், புரட்டாசியில் கேட்டபோது ஐப்பசி என்றவர் இவர். பஞ்சாங்கத்தின் கடைசி வரியைக் காட்டினாள்.

“எங்க நாட்டுச் சட்டமுங்கண்ணா: நாள் ஆகாதுன்னு சொல்றவரு, ஆகற நாளைச் சபையிலயே சொல்லிப்போடோணும். தையில எந்தத் தேதிங்க?”

தேதி சொன்னால், பேச்சுக்குச் சொன்னது ஊரறிய வாக்காகி, விதவைக்கு மறுமணம் உண்டென்று ஒப்பியதாகிவிடும். சுப்பண்ணன் பங்காளிகளைப் பார்த்தார். பங்காளிகள் தரையைப் பார்த்தார்கள்.

“ஏனுங்க, தையிலயுமா நாளில்லீங்க?” என்று கூட்டத்தில் ஒருவன் சீண்டினான்.

தெய்வாத்தாள் அதற்குமேல் காத்திருக்கவில்லை. செங்கோடன் கழுத்தில் மாலையிட்டாள்.