முப்பத்தெட்டுப் பெயர்கள்

தட்டைத் தள்ளிவைத்துவிட்டு, கிழவர் ஒரு கடதாசியின் மேல் முட்டையை உரித்துக்கொண்டிருந்தார். யூத உணவு விதியின்படி ஹோட்டல் பாத்திரங்களில் அவர் சாப்பிடமாட்டார். யூதக் குருவானவர்களை ரபி என்று அழைப்பார்கள் என்பதே, மன்னாரிலிருந்து அகதியாக வந்த பேர்பெச்சுவாவுக்கு அந்தக் கிழமைதான் தெரியவந்தது. மைன் ஆற்றங்கரைச் சிற்றூரின் அந்த ஹோட்டலில் அறை துப்புரவாக்குவதும் காலைச் சாப்பாடு கொடுப்பதும் அவள் வேலை. ஊரின் கடைசி ரபியான இந்தக் கிழவரை, யூலியுஸ் நொய்பேர்கரை, அவர் ஊரைவிட்டுப் போய் ஐம்பத்தைந்து வருடங்களுக்குப் பிறகு, 1994 ஒக்ரோபரில் நகரசபை விருந்தாளியாக அழைத்திருந்தது.

"நாளைக்குத்தான் என்னை எங்கடை யூதக் கல்லறைக்குக் கூட்டிப்போகினம். படம் எடுக்கிற ஆக்களும் வருவினம்" என்றார் அவர், அவளுக்கு விளங்கும்படி மெதுவான ஜேர்மன் மொழியில். "எனக்கு இண்டைக்குப் போகவேணும். கூட வருவீங்களோ?"

வேலை முடிந்ததும் போனார்கள். மேட்டுப்பாதையில் தடியை ஊன்றி ஊன்றி நடந்தபடி அவர் சொன்னார். 1938 நவம்பரில் நாசிகள் யூதச் செபக்கூடத்து இருக்கை வாங்குகளைத் தெருவில் போட்டுக் கொளுத்தினார்கள். முப்பது வயதான அவரை வதைமுகாமுக்குக் கொண்டுபோனார்கள். நாட்டைவிட்டுப் போவதாகக் கையெழுத்து வைத்த பிறகு, ஐந்து கிழமையில் விட்டார்கள். அவருக்கும் மனைவிக்கும் மகனுக்கும் விசா கிடைத்தது. அவரை நம்பியிருந்த முப்பத்தெட்டுப் பேருக்குக் கிடைக்கவில்லை.

"வெளிக்கிடுற அண்டைக்குத் துணிக்கடை லோப் அம்மா கேட்டா, நான் செத்தா என்னை ஆர் அடக்கம் செய்யிறதெண்டு. அங்கை போய் எல்லாரையும் கூப்பிடுவன் எண்டு சொல்லிப்போட்டு ரயில் ஏறினன்." சற்று நின்று மூச்சு வாங்கினார். "மூண்டு வருசத்தாலை எல்லாரையும் கிழக்கை கொண்டுபோய்க் கொலை செய்துபோட்டாங்கள். அவவுக்கு அடக்கமே இல்லை."

கல்லறைக் கதவுத் திறப்பு பக்கத்து வீட்டில் இருந்தது. அந்த வீட்டுக்காரரான, இளைப்பாறிய பேக்கரிக்காரர் கிரம் அதைக் கொண்டுவந்து கதவைத் திறந்துவிட்டு, போகாமல் அங்கேயே நின்றார். செத்தவர்களுக்கான செபத்தைச் சொல்லப் பத்து யூத ஆண்கள் வேண்டுமாம். இந்த ஊரில் இப்போது ஒருவரும் இல்லை. ஆகவே பெயர்களை மட்டும் சொல்லப்போவதாக ரபி சொன்னார். பாசி பிடித்த கற்களுக்கு முன்னால் நின்று, கையில் ஒரு துண்டுக் கடதாசியும் இல்லாமல், ஒவ்வொன்றாகச் சொன்னார். பேர்பெச்சுவா தன்னையறியாமல் விரல்மடித்து எண்ணினாள். முப்பத்தேழில் நின்றுவிட்டார். உதடு அசைந்தது, பெயர் வரவில்லை. திரும்ப முதலிலிருந்து சொன்னார். திரும்பவும் முப்பத்தேழு.

"ஒரு சின்னப்பிள்ளை" என்றார். "அதைத் தூக்கி ஆசீர்வதிச்சனான். இந்தக் கையாலை."

"ஹன்னா" என்றார் வாசலில் நின்ற கிரம்.

ரபி திரும்பினார்.

"என்ரை வயசுதான். அவையளைக் கொண்டுபோகேக்கை எங்கடை யன்னலை நிமிர்ந்து பாத்தவள். அம்மா திரைச்சீலையை இழுத்து மூடினா. நான் அதுக்குப் பின்னாலை நிண்டனான்."

ரபி அவரிடம் கேட்டார். "என்ன உடுத்திருந்தவள்?"

"நீலக் கோட். அவளுக்குப் பெரிசு. கை விரல் வெளியாலை தெரியேல்லை."

ரபி தடியை விட்டுவிட்டு இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டார். விழுந்த தடியை எடுக்க ஒருவரும் குனியவில்லை.

இறக்கத்தில் பாதிவழி வந்த பிறகு பேர்பெச்சுவா வாய் திறந்தாள். அகதி விண்ணப்ப விசாரணையில் ஆமி ஷெல் அடித்ததையெல்லாம் சொன்னவள். இதை அங்கே சொல்லவில்லை, புருசனிடமும் சொன்னதில்லை. நான்கு வருடங்களுக்கு முன் ஒரு ஒக்ரோபரில், மன்னாரில் இருந்த முஸ்லிம் சனத்தை வெளியேறச் சொல்லி ஆயுதம் ஏந்திய இயக்கப் பொடியள் ஒலிபெருக்கியில் அறிவித்தார்கள். தமிழ்ப் பொடியள், அவளுடைய ஆட்கள். பக்கத்து வீட்டு ஐனியா டீச்சர் வள்ளத்துக்குப் போகமுதல் வேலிக்கு வந்து பேர்பெச்சுவாவின் பேரைச் சொல்லிக் கூப்பிட்டா. மூன்று தரம்.

"நான் உள்ளுக்குத்தான் நிண்டனான். என்னத்துக்குக் கூப்பிட்டவா எண்டு இண்டைக்கும் தெரியாது."

"உயிரோடை இருக்கிறாவோ?"

"புத்தளத்திலை ஒரு முகாமிலை எண்டு கேள்வி."

அவர் ஆறுதல் ஏதாவது சொல்வார் என்று எதிர்பார்த்தாள். அவரோ நிற்காமல் மேலும் இறங்கினார். அடுத்தநாள் விழாவில் அவரைப் பூங்கொத்துடன் நிற்கவைத்துப் படம் எடுத்தார்கள். அதற்கு மறுநாள் காலை அவள் வேலைக்கு வந்தபோது அவர் போயிருந்தார்.

நவம்பர் நடுவில், மழை நாளொன்றில், தபாற்கந்தோர் வரிசையில் பேர்பெச்சுவாவின் முறை வந்தது. அவள் நீட்டிய உறையின் மேல் குனிந்த கவுண்டர்ப் பெண், ஐனியா டீச்சரின் பேரும் புத்தளமும் மட்டும் இருந்த முகவரியைத் திரும்பத் திரும்பப் பார்த்தாள்.

"தெரு இல்லையோ? வீட்டு நம்பர்?"

"இல்லை."

"அப்ப இது போய்ச் சேருமெண்டு சொல்ல ஏலாது."

"ஓம்."

பெண் முத்திரையை ஒட்டிவிட்டு உறையைத் தன் பக்கம் இழுத்தாள். அது வரவில்லை. அதன் ஒரு மூலை இன்னமும் பேர்பெச்சுவாவின் விரல்களுக்கிடையில் இருந்தது.