கருவாட்டு முறைக் கிருமிநீக்கம்

பாலாவிச் சந்தியில், மருந்துக்கடைக்கு மேல்மாடியில் இயங்கிவந்த ‘எமிலி மணமகள் அலங்கார நிலைய’த்தின் நற்பெயர் முழுவதும் ஒரு வெள்ளைப் பெட்டிக்குள் அடங்கியிருந்தது. இரண்டு பாண் ரொட்டி வைக்கலாம், அவ்வளவு அகலம். முன்னால் கண்ணாடிக் கதவு. உள்ளே ஒரு நீல விளக்கு. நகவெட்டி, நகத்தோரத் தோலைத் தள்ளும் கம்பி, சதையை நறுக்கும் சிறு குறடு, அரம் ஆகியவை அந்த வெளிச்சத்தில் அரும்பொருள்கள் போலப் படுத்திருந்தன. விளக்கினால் கிருமிகள் செத்தனவா என்பதற்கு ஆதாரம் எதுவும் இல்லை. வாடிக்கையாளர்களின் கேள்விகள் செத்தன என்பதற்கு ஐந்து வருட ஆதாரம் இருந்தது. கதிரையில் அமரும் பெண் ஒரு தடவை பெட்டியைப் பார்ப்பாள், ஒரு தடவை எமிலியாவைப் பார்ப்பாள், பிறகு கையை நீட்டிவிடுவாள். விஞ்ஞானத்திடம் இதற்கு மேல் எதை எதிர்பார்ப்பது?

எமிலியாவுக்கு வயது நாற்பத்திரண்டு. கற்பிட்டிப் பக்கத்து மீன்பிடிக் குடும்பத்தில் பிறந்து, உப்பளத்தில் லொறி ஓட்டும் அல்பேட்டைக் கலியாணம் முடித்தவள். சிலாபத்தில் மூன்று மாதம் அலங்காரக் கலை பயின்று, சான்றிதழைக் கண்ணாடிச் சட்டமிட்டுச் சுவரில் மாட்டியிருந்தாள். அந்தச் சான்றிதழ் வெளியிடாத தகவல் ஒன்று உண்டு. கருவிகளைத் துப்புரவாக்குவது பற்றிய பாடம் நடந்த நாளில் அவள் தலவில அன்னம்மாள் கோயில் திருவிழாவுக்குப் போயிருந்தாள். அன்னம்மாளின் அருள் கிடைத்தது; பாடம் கிடைக்கவில்லை. மறுநாள் கூடப் படித்தவளிடம் கேட்டுக்கொள்ளலாம் என்று நினைத்தாள். அந்த நினைப்பு இன்றுவரை கெடாமல் இருந்தது.

பாடம் இல்லாத இடத்தில் பரம்பரை அறிவு வந்து அமர்ந்துகொண்டது. பிடித்த மீனை ஆறு மாதம் அழுகாமல் காப்பது எது? உப்பு. மீனையே காக்கும் உப்பு ஒரு நகவெட்டியைக் கைவிட்டுவிடுமா? ஆகவே அல்பேட் உப்பளத்துப் பாத்தியிலிருந்து கலனில் கொண்டுவரும் கடுத்த உப்புநீரில் கருவிகள் ஊறின. ஊறியபின் மொட்டை மாடியில் ஓலைப்பாயில் பரப்பி வெயிலில் காயவைக்கப்பட்டன. சுருங்கச் சொன்னால், எமிலியா நகவெட்டிகளைக் கருவாடு போட்டாள். காகம் கொத்தாமலிருக்க மேலே ஒரு பழைய வலைத்துண்டையும் விரித்தாள். நகவெட்டியில் காகத்துக்கு என்ன ருசி இருக்க முடியும் என்று அவள் யோசித்ததில்லை. காயப்போட்டால் வலை விரிக்க வேண்டும், அதுதான் முறை.

உருக்குக்கு இந்த முறை பழக்கமில்லை. கம்பி நுனியில் மண்ணிறத் துருப்புள்ளிகள் தோன்றின. அவள் அவற்றை மணற்கடதாசியால் தேய்த்தாள். தேய்த்த இடம் சொரசொரப்பாகி, அடுத்த கறளுக்கு வசதியான குடியிருப்பாயிற்று. இடைக்கிடை இரண்டு மூன்று பேருக்கு நகச்சுற்று வந்ததும் உண்மைதான். ஒருத்தி இறால் பண்ணையில் வேலை செய்பவள்: இறால் முள் குத்தியிருக்கும். இன்னொருத்தி நாள்தோறும் உடுப்புத் தோய்ப்பவள்: சவர்க்காரத் தூள் ஒத்துக்கொள்ளவில்லை. மூன்றாமவள் ஆசிரியை: வெண்கட்டியின் வேலை. ஒவ்வொரு விரலுக்கும் ஒரு காரணம் கிடைத்தது. எல்லாக் காரணங்களும் அந்த மேல்மாடிக்கு வெளியிலேயே கிடைத்தன.

செவ்வாய்க்கிழமை காலை, தில்லையடி அலீமா தன் மகள் அக்கீலாவை அழைத்துக்கொண்டு படியேறி வந்தாள். ஞாயிற்றுக்கிழமை அக்கீலாவுக்கு நிக்காஹ். மணமகளுக்கும் இரு வீட்டுப் பெண்கள் பதினொரு பேருக்கும் கை அலங்காரம் செய்வது எமிலியா என்று பேசி முடித்திருந்தார்கள். தொழுகைக்கு முன் கழுவும் நீர் நகத்தில் படவேண்டும் என்பதால் நகப்பூச்சு இல்லை. நகத்தை வெட்டி, அராவி, ஓரத்தை ஒழுங்காக்கிய பின் மருதாணி. தில்லையடியில் ஒரு கலியாண வீட்டுக்குச் செய்தால் அடுத்த பத்துக் கலியாண வீடுகளும் தேடிவரும் என்று எமிலியா ஒரு மாதமாக மனக்கோட்டை கட்டிக்கொண்டிருந்தாள். போன வியாழக்கிழமை மணமகளுக்கு முதல் தடவைக் கை வேலையும் முடிந்திருந்தது.

இப்போது அக்கீலாவின் இடது மோதிர விரலில் வெள்ளைத் துணி சுற்றியிருந்தது.

“பாருங்க எமிலி, என்ட புள்ளைட விரல,” என்று அலீமா துணியை அவிழ்த்தாள்.

நகத்தின் ஓரம் சிவந்து புடைத்து, நடுவில் மஞ்சளாகச் சீழ் கோத்திருந்தது. எமிலியாவுக்கு அந்த ஓரத்தை நன்றாகத் தெரியும். வியாழக்கிழமை கம்பி வழுக்கி ஒரு துளி இரத்தம் எட்டிப்பார்த்தது அங்கேதான். பஞ்சால் விரலை ஒற்றி, அதே பஞ்சால் கம்பியையும் துடைத்து, நீல விளக்குக்குள் வைத்தது அவள்தான். ‘இறால் உரிச்சீங்களா தங்கச்சி?’ என்று கேட்பதற்கு வாய் பழக்கத்தில் திறந்துகொண்டது. ஆனால் அந்தச் சிரமம் தேவைப்படவில்லை.

“கண்ணூறு,” என்றாள் அலீமா. “மாப்புள்ளைட சாச்சி சுலைஹா வெள்ளிக்கிழமை வந்தா. புள்ளைட கையப் பிடிச்சு, ‘என்ன வடிவான விரல்’ எண்டா. மாஷா அல்லாஹ் எண்டு ஒரு சொல்லு அந்த வாயில வரல்ல. அடுத்த நாள் விடியக்க இப்படி.”

இவ்வளவு கச்சிதமான காரணத்தை, அதுவும் ஆள் பெயரோடு, யாரும் இதுவரை எமிலியாவின் படியேறிவந்து கொடுத்ததில்லை. அவள் நன்றியோடு ஏற்றுக்கொண்டாள்.

“ஓம் லாத்தா. சில பேர்ட கண் அப்படித்தான்.”

“டொக்டர்ட்டக் காட்டுவம் எண்டு மூணு நாளாச் சொல்றன்,” என்றாள் அக்கீலா. “உம்மா கேக்கிறல்ல.”

“கண்ணூறப் பத்தி டொக்டருக்கு என்ன தெரியும்? ஓதி ஊதியாச்சு. சும்மா இரி புள்ள.” அலீமா மகளை நகர்த்திவிட்டுத் தானே கதிரையில் அமர்ந்து இரு கைகளையும் நீட்டினாள். “அவட விரல் ஆறட்டும். இண்டைக்கு எனக்குச் செய்ங்க. ஆனா பாத்து. எனக்குச் சீனி வருத்தம். போன வருஷம் கால்ல ஒரு சின்னக் கீறல், நாலு மாசம் ஆறல்ல. ஒரு விரல எடுக்கோணும் எண்டே நிண்டாங்க. அல்லாஹ்ட கிருபையில தப்பினது. அதுக்குப் பிறகு கண்ட கண்ட இடத்தில நகம் வெட்டுறல்ல. உங்கட்ட அந்தப் பெட்டி இருக்கிறதாலதான் வாறன்.”

எமிலியா பெட்டியைத் திறந்து கம்பியை எடுத்தாள். எடுத்தபின்தான் அதன் நுனி தெரிந்தது. மண்ணிறமாக, மணற்கடதாசி கீறிய கோடுகளோடு, வியாழக்கிழமை இருந்தபடியே இருந்தது. எதிரே பருத்த, வெளிறிய பத்து விரல்கள், எந்தச் சந்தேகமும் இல்லாமல் காத்திருந்தன. இந்த விரல்களில் ஒன்று பழுத்தால் அதற்கும் சுலைஹா பொறுப்பேற்பாள். அந்த வசதி இருந்தது. ஆனால் விரல் போனால் போனதுதான். யாருடைய கண்ணில் பழி போட்டாலும் அது திரும்ப முளைக்காது.

“லாத்தா, உங்கட நகம் வடிவாத்தானே இருக்கு. பிறகு செய்வமே.”

“இந்த நகமா வடிவு? உடைஞ்ச சிப்பி மாதிரி இருக்கு.”

“கரண்ட் வெட்டப் போறாங்களாம்.”

“நகம் வெட்டக் கரண்ட் என்னத்துக்கு?”

“எனக்குச் சரியான தலையிடி லாத்தா.”

“தலையாலயா வெட்டுறீங்க? செய்ங்க எமிலி, ளுஹர் தொழுகைக்கு முன்னம் வீட்ட போகோணும்.”

எமிலியாவிடம் இருந்த பொய்கள் தீர்ந்துவிட்டன. மற்றவர்களின் விரல்களுக்காக ஐந்து வருடம் தாராளமாகச் செலவழித்ததில் கையிருப்பு வற்றியிருக்க வேண்டும். அவள் கம்பியை மேசையில் வைத்தாள்.

“அது கண்ணூறு இல்ல லாத்தா. கறள்.”

“என்ன?”

“இந்தக் கம்பிதான் தங்கச்சிட விரல்ல பட்டது. நான் இதுகள உப்புத் தண்ணில ஊறப்போட்டு வெயில்ல காயவைக்கிறனான். அப்படிச் செஞ்சா சுத்தமாகும் எண்டு நினைச்சன்.”

“உப்புப் போட்டு வெயில்லயா? இதென்ன, கருவாடா?”

“ஓம் லாத்தா.”

“அப்ப அந்தப் பெட்டி?”

“அது… லைட் எரியும்.”

அலீமா கைகளை இழுத்து முந்தானைக்குள் மறைத்தாள். எமிலியா சாபத்துக்குத் தலையைக் குனிந்து காத்திருந்தாள். சாபம் வந்தது, ஆனால் அவள் எதிர்பார்த்த பாதையால் வரவில்லை.

“அடி பாவி! நேத்துத்தானே சுலைஹாட பேரச் சொல்லிக் குடும்ப வட்ஸ்அப் குறூப்பில நாலு நிமிஷம் வொய்ஸ் போட்டன்!”

“நாலு நிமிஷம் நாப்பது செக்கன்,” என்றாள் அக்கீலா.

“அழி புள்ள அத!”

“எல்லாரும் கேட்டாச்சு உம்மா. சாச்சி பதில் வொய்ஸும் போட்டுட்டா. அது ஒம்பது நிமிஷம்.”

“இத நேத்துக் காலைல சொல்லியிருக்கக் கூடாதா எமிலி? ஒரு நாள் முன்னால! நான் இனி மனிசர்ட முகத்தில எப்படி முழிக்கிற? இல்லாட்டிச் சொல்லாமலாவது விட்டிருந்தா கண்ணூறாவே இருந்திட்டுப் போயிருக்கும்…”

“கண்ணூறாவே இருந்திருந்தா, இப்ப உங்கட விரலயும் இந்தக் கம்பியால தொட்டிருப்பன் லாத்தா.”

அலீமா மேசையில் கிடந்த கம்பியைப் பார்த்தாள். முந்தானைக்குள்ளிருந்து ஒரு கையை மட்டும் வெளியே எடுத்து, விரல்களை ஒவ்வொன்றாக மடித்து நீட்டிப் பார்த்தாள். எல்லாம் இருந்தன. பிறகு மகளின் தோளைப் பிடித்துக்கொண்டு படியிறங்கினாள்.

அன்று பின்னேரம் அலீமா தொலைபேசி எடுத்தாள். டொக்டர் விரலைக் கீறிச் சீழை எடுத்துவிட்டாராம். ஊசியும் குளிசையும் கொடுத்தாராம். ஞாயிற்றுக்கிழமைக்கு முன் ஆறிவிடும் என்றாராம். பிறகு குரலைத் தாழ்த்தினாள்.

“உங்கள விட்டுட்டு வேற ஆளப் பிடிச்சா ஏன் எண்டு கேப்பாங்க. ஏன் எண்டு சொன்னா என்ட வொய்ஸ்ட கதை நாறும். அதால நீங்களே வாங்க. ஆனா ஒவ்வொரு சாமானும் புதுசா இருக்கோணும். என்ட கண்ணுக்கு முன்னால கழுவோணும். முதல் கை சுலைஹாட. அவவுக்கு மரியாதை செஞ்சாத்தான் கோவம் ஆறும். விளங்கினதா?”

நேர்மையால் காப்பாற்ற முடியாத தொழிலை வெட்கம் காப்பாற்றிவிட்டது. எமிலியா அதை மறுக்கவில்லை. உதவி வரும் வாசலைத் தெரிவுசெய்யும் நிலையில் அவள் இல்லை.

புதன்கிழமை அவள் சிலாபத்துக்குப் போனாள். கூடப் படித்த அனஸ்தாசியாவிடம், ஆறு வருடம் தாமதமாக, தவறவிட்ட பாடத்தைக் கேட்டாள். அனஸ்தாசியா முதலில் சிரித்து முடித்தாள்.

“உப்பா? புளியும் தேங்காய்ப் பாலும் விட்டியாடி?”

பிறகு சொல்லிக்கொடுத்தாள். முதலில் சவர்க்காரமும் தூரிகையும். அழுக்கு இருக்கும்வரை எந்த மருந்தும் வேலை செய்யாது. கழுவித் துடைத்து, தண்ணீரில் நன்றாக அவிக்க வேண்டும். ஒவ்வோர் ஆளுக்கு இடையிலும் மறுபடி கழுவி, ஸ்பிரிட்டில் முழுதாக மூழ்கப் பத்து நிமிடம். அரம் ஆளுக்கொன்று, வேலை முடிய அவர்களுடைய கையிலேயே கொடுத்துவிட வேண்டும். கறள் பிடித்ததைக் குப்பையில் போட வேண்டும், தேய்க்கக் கூடாது. எமிலியா கொப்பியில் எழுதிக்கொண்டாள். பாடம் அரை மணித்தியாலம்கூட எடுக்கவில்லை. புதுக் கருவிகளோடு வீடு திரும்பி, உப்புநீர்க் கலனை இனி வேண்டாம் என்று அல்பேட்டிடம் கொடுத்தபோது, தன் தொழிலையே அவள் அவமதித்துவிட்டதாக அவன் இரண்டு நேரம் அவளோடு கதைக்காமல் சாப்பிட்டான்.

சனிக்கிழமை காலை, தில்லையடி வீட்டின் முன்னறையில் பெண்கள் பாய் நிறைய இருந்தார்கள். அக்கீலாவின் விரலில் வீக்கம் வற்றி, சிறிய ஒட்டுத் துணி மட்டும் இருந்தது. நடுவில், வீட்டிலிருந்தவற்றுள் மிக நல்ல கதிரையில், சுலைஹா அமர்ந்திருந்தாள். ஒன்பது நிமிடத்தில் சொல்லி முடிக்காத எதுவோ அவள் முகத்தில் இன்னும் பாக்கியிருந்தது. அவளுக்கு அடுத்ததாகக் கை நீட்ட இருந்த அலீமா, பக்கத்தில் பழத்தட்டை வைத்துவிட்டு அவளுக்குப் பணிவோடு விசிறிக்கொண்டிருந்தாள்.

எமிலியா அவித்துக் கொண்டுவந்த கருவிகளை எல்லாருக்கும் தெரிய மறுபடி சவர்க்காரமிட்டுத் தேய்த்தாள். கழுவித் துடைத்தாள். கண்ணாடிக் குவளையில் ஸ்பிரிட் ஊற்றி, உள்ளே இறக்கி, தொலைபேசி மணியைப் பத்து நிமிடத்துக்கு வைத்தாள். சுலைஹா அனைத்தையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“என்ன இது? என்ட கையத் தொடுறதுக்கு இவ்வளவு கழுவலா?” என்றாள். “முதல்ல கண்ணில விஷம் எண்டீங்க. இப்ப கையிலயும் விஷமா?”

அலீமாவின் கையில் விசிறி நின்றது.

“அல்லாஹ்வே, இல்ல மதினி! சும்மா ஒரு இது…” அலீமா எமிலியாவின் பக்கம் திரும்பிக் கண்ணைக் காட்டினாள். “காணும் எமிலி. எடுங்க. எடுத்துச் செய்ங்க.”

மூன்று நிமிடமே ஆகியிருந்தது. எடுத்துவிட்டால் எல்லாரும் சமாதானமாகிவிடுவார்கள். தில்லையடியின் பத்துக் கலியாண வீடுகளும் இருந்த இடத்தில் இருக்கும். எடுக்காவிட்டால் காரணம் சொல்ல வேண்டும். எமிலியா சுலைஹாவின் மோதிரங்கள் மின்னும் கையைப் பார்த்தாள். அதற்கு அடுத்ததாகக் காத்திருக்கும், விசிறி பிடித்த சீனிக்காரியின் கையையும் பார்த்தாள்.

“இன்னும் ஏழு நிமிஷம் இருக்கு,” என்றாள். “உங்கட கையில ஒண்டுமில்ல மாமி. கண்ணிலயும் ஒண்டுமில்ல. மணப்பொண்ணுட விரல் பழுத்தது என்ட கறள் பிடிச்ச கம்பியால. அதாலதான் இவ்வளவு கழுவுறன்.”

அலீமா பழத்தட்டை வெறித்துப் பார்த்தபடி இருந்தாள். பதினொரு பெண்களில் ஒருத்தியாவது தும்மினால் உதவியாக இருந்திருக்கும், ஒருத்தியும் தும்மவில்லை. சுலைஹா எமிலியாவை விட்டு மெதுவாக அலீமாவின் பக்கம் முகத்தைத் திருப்பினாள். கதிரையில் நன்றாகச் சாய்ந்து, இரு கைகளையும் மடியில் வைத்துக்கொண்டாள். அவள் முகத்தில் பாக்கியிருந்த எதுவோ மறைந்து, ஒரு பெரிய நிம்மதி பரவியது.

“ஏழு நிமிஷம் காணாது புள்ள,” என்றாள், அலீமாவிலிருந்து கண்ணை எடுக்காமலே. “இருவது நிமிஷம் போடு. எனக்கு ஒரு அவசரமும் இல்ல.”