சின்ன கிராணி சுட்ட கேக்

மலாயாவில், லாபிஸுக்கு வடக்கே நாலு மைல் உள்ளே தள்ளி இருந்த புக்கிட் செராயா ரப்பர் தோட்டத்தில் கனகராஜ் சின்ன கிராணியாக, அதாவது ஆபீசில் கணக்கு எழுதும் இரண்டாவது குமாஸ்தாவாக, இருந்தார். சின்ன கிராணி என்பதெல்லாம் பேருக்குத்தான். தோட்டமே தன்னால்தான் ஓடுகிறது, கையெழுத்துப் போடுவதற்கு மட்டும் துரை சீமையிலிருந்து கப்பலேறி வந்திருக்கிறார் என்பது அவருடைய உறுதியான எண்ணம். இதை அவர் வெளியில் யாரிடமும் சொன்னதில்லை. வீட்டில் மனைவி ராசம்மாவிடம் மட்டும் தினமும் சொல்வார். அவள் அரிசி களைந்துகொண்டே "ம்" கொட்டுவாள். பதினொரு வருஷமாக அந்த "ம்" சுருதி மாறாமல் வந்துகொண்டிருந்தது.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்தைந்தாம் வருஷம் பெரிய கிராணி வேலையை விட்டுவிட்டு ஊருக்குப் போகப் போகிறார் என்று செய்தி வந்தது. அன்று முதல் கனகராஜின் நடையே மாறிவிட்டது. பெரிய நாற்காலிக்குப் பெரிய மூளை வேண்டுமல்லவா? லாபிஸ் சீனன் கடையிலிருந்து மால்ட் மாவு டின் ஒன்று வாங்கி வந்து, காலையும் மாலையும் பாலில் கலக்கித் தரச் சொன்னார். மூளைக்கு என்ன ஆனதோ, சட்டையின் நடுப் பொத்தானுக்கு மட்டும் கஷ்டகாலம் தொடங்கியது.

இந்த நேரத்தில்தான் துரைசானிக்குப் பிறந்தநாள் வந்தது. தோட்டத்து வழக்கப்படி கங்காணிமார்கள் கோழி, வாழைத்தார், எலுமிச்சம்பழம், மாலை என்று எடுத்துக்கொண்டு பங்களாவுக்குப் போவார்கள். கனகராஜ் அந்தக் கூட்டத்தில் ஒருவராக நிற்கத் தயாராக இல்லை. ஆபீசுக்கு வந்த சிங்கப்பூர் இங்கிலீஷ் பேப்பரில் பெண்கள் பக்கத்தைக் கிழித்து எடுத்து வந்தார்.

"சாக்லேட் மால்ட் கேக். மேலே பட்டர் கிரீம். தொரைசானி பார்த்த உடனே கண்ணு கலங்கிடும். ஊரு ஞாபகம் வரும்ல?"

"யாரு செய்யறது?" என்றாள் ராசம்மா.

"நான் படிக்கிறேன். நீ செய்."

வேலையை இவ்வளவு நியாயமாகப் பங்கு பிரித்தவரை ராசம்மா அதுவரை பார்த்ததில்லை.

அவர் நாற்காலியில் கால்மேல் கால் போட்டுக்கொண்டு படித்தார். "வெண்ணெயும் சீனியும் வெளுக்கற வரைக்கும் அடிக்கணும். முட்டை ஒவ்வொண்ணா ஊத்தணும். அப்புறம் மிதமான ஓவன்ல வைக்கணும்."

"ஓவன் எங்க இருக்கு?"

"அதெல்லாம் சின்ன விஷயம். சூடுதானே? இட்லிச் சட்டியில வையி."

ராசம்மா இட்லிச் சட்டியில் வைத்தாள். ஒரு மணி நேரம் கழித்து மூடியைத் திறந்தபோது உள்ளே பழுப்பு நிறத்தில் ஏதோ ஒன்று வியர்த்துக்கொண்டிருந்தது. ஜாடிக்குப் பேர்போன ஆயர் ஈத்தாம் ஊர்க் குயவர்கள் பார்த்திருந்தால் சந்தோஷமாக வாங்கிக்கொண்டு போய் ஜாடி செய்திருப்பார்கள். கனகராஜ் விரலால் அழுத்திப் பார்த்தார். விரல் உள்ளே போனது. லேசில் வெளியே வரவில்லை.

"நான் சரியாத்தான் படிச்சேன்" என்றார்.

ராசம்மாவுக்கு அழுகையும் வந்தது, கோபமும் வந்தது. முட்டை ஆறு வீணாகிவிட்டதே என்பதுதான் அவளுக்குப் பெரிய வருத்தம். இதை விட்டுவிடக்கூடாது என்று அவளுக்குள் ஒரு பிடிவாதம் ஏறிவிட்டது. மறுநாள் மீதி மாவையும் டின்களையும் கூடையில் போட்டுக்கொண்டு தோட்டத்து ஆஸ்பத்திரிப் பக்கம் போனாள். அங்கே மருந்து கொடுக்கும் டிரெசர் மரியநாதனின் மனைவி ஐலீன் இருந்தாள். கல்யாணத்துக்கு முன்னால் ஜொகூர் பாருவில் கன்னியாஸ்திரீகள் மடத்துச் சமையலறையில் வேலை செய்தவள்.

கதையைக் கேட்டு ஐலீன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "அலமாக்! கேக்கை அவிச்சியா நீ?"

"நான் எங்க அவிச்சேன்? அவரு அவிக்கச் சொன்னாரு."

"பேப்பரை அவருகிட்டயே குடுத்துட்டு நீ இங்க வா."

ஐலீனிடம் இரும்பு அடுப்பு கிடையாது. மண்ணெண்ணெய்த் தகரத்தைப் படுக்கவைத்து, கதவு வெட்டி, கீழே கொஞ்சம் கரியும் மேலே நிறையக் கரியும் போட்டுச் சுடுவாள். முழுக் கேக் இதில் நடுவில் வேகாது, சின்னச் சின்னதாகச் சுடலாம் என்றாள். மலாய்க்காரப் பெண்கள் முட்டைப் பலகாரம் சுடும் பித்தளை அச்சு ஒன்றை அவர்களுடைய கம்பத்து வீடுகளிலிருந்து கேட்டு வாங்கி வந்தார்கள்.

மூன்று நாள் இரண்டு பேரும் அந்தத் தகரத்தோடு மல்லுக்கட்டினார்கள். டின் வெண்ணெயில் உப்பு அதிகம்; அதைக் கிணற்றுத் தண்ணீரில் போட்டுப் பிசைந்து பிசைந்து உப்பை எடுத்தார்கள். ஜொகூர் ஈரத்தில் கட்டி தட்டிப்போயிருந்த மால்ட் மாவை உதிர்த்து, கொக்கோவோடு சேர்த்துச் சலித்தார்கள். கிரீமுக்கான சீனியை ராசம்மா அம்மியில் பவுடராக அரைத்து மல் துணியில் சலித்தாள். முதல் தடவை அடி கருகியது. இரண்டாம் தடவை ஒருபக்கம் மட்டும் எழும்பியது. மூன்றாம் தடவை கதவைத் திறந்ததும் வந்த வாசனையில், பக்கத்து வீட்டு வெள்ளையம்மா வேலையை விட்டுவிட்டு வந்து நின்றாள்.

கிரீம்தான் பாடாய்ப் படுத்தியது. அந்த வெயிலில் வெண்ணெய் நிற்பேனா என்றது. கடைசியில் லாபிஸ் ஸ்டேஷன் சோடாக் கடைக்கு ரயிலில் வரும் ஐஸ் கட்டியில் ஒரு துண்டை மரத்தூளில் புதைத்துக் கொண்டுவரச் செய்தார்கள். ஐஸ்மேல் வட்டிலை வைத்து மூங்கில் குச்சியால் அடிக்க அடிக்க, வெண்ணெய் வெளுத்து, பொங்கி, மால்ட் வாசனையோடு மேகம்போல் திரண்டது. ராசம்மா விரல் நுனியில் எடுத்து நாக்கில் வைத்தாள். உடனே இன்னொரு துளி எடுத்து ஐலீனின் வாயில் வைத்தாள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் இருபத்துநாலு சின்ன கேக்குகள் தட்டில் உட்கார்ந்திருந்தன. கனகராஜ் கோட்டு போட்டுக்கொண்டார். கழுத்துப்பட்டி கட்டிக்கொண்டார். தட்டை ராசம்மா தூக்கினாள்; கேக்குக்கு இங்கிலீஷ் தெரியாதாம், அதனால் பேச ஒருவர் கைவீசிக்கொண்டு வரவேண்டுமாம். துணைக்கு ஐலீனும் ஐஸ் வாளியோடு நடந்தாள்.

பங்களா வாசலில் தட்டைக் கையில் வாங்கிக்கொண்டு அவர் முன்னால் போனார். பெண்கள் இருவரும் படிக்குக் கீழே நின்றார்கள். துரைசானி ஒரு கேக்கை எடுத்துக் கடித்தாள். கண் விரிந்தது. துரை இரண்டு எடுத்துக்கொண்டார். துரைசானி ஏதோ கேட்டாள். கனகராஜ் நெஞ்சில் கைவைத்து ஏதோ சொன்னார்.

"என்னக்கா சொல்றாரு?" என்றாள் ராசம்மா.

ஐலீன் ஐஸ் வாளியைக் கீழே வைத்தாள். "யாரு செஞ்சதுன்னு கேட்டாங்க. 'நானே என் கையால செஞ்சேன்'னு சொல்றாரு."

ராசம்மா கனகராஜின் கையைப் பார்த்தாள். வெள்ளைச் சட்டையின் முன்கை மடிப்பு கலையாமல் இருந்தது. அவளுடைய கையில் இரண்டு இடத்தில் கரிச் சூட்டுக் கொப்புளம். வழக்கமான "ம்" கூட வரவில்லை.

பத்து நாள் கழித்து ஆபீசிலிருந்து கனகராஜ் ஒரு மாதிரி முகத்தோடு வந்தார். பெரிய கிராணி வேலையைப் பொந்தியான் பக்கத் தோட்டத்திலிருந்து வரும் அர்ச்சுனன் என்பவருக்குக் கொடுத்துவிட்டார்களாம்.

"ஏனாம்?"

"தொரை தோள்ல தட்டிக் குடுத்தாரு. 'உன்னை மாதிரிக் கைப்பக்குவம் உள்ளவனைக் கணக்குப் புஸ்தகத்துல கட்டிப்போட்டா பாவம்'னாரு. அது மட்டுமில்ல…" குரல் இறங்கியது. "சனிக்கிழமை பக்கத்துத் தோட்டத்துத் தொரைசானிங்க எல்லாம் டீக்கு வராங்களாம். நான் பங்களா குசினிக்கு வந்து நாப்பது கேக் சுடணுமாம். தொரைசானி பக்கத்துல உக்காந்து பார்த்துக் கத்துக்குவாங்களாம்."

"போங்க. நல்லா சுடுங்க."

"ராசம்மா…"

"உங்க கையாலதானே செஞ்சீங்க?"

அவர் இரண்டு நாள் சாப்பாட்டில் உப்பு அதிகம் என்றுகூடச் சொல்லவில்லை. மூன்றாம் நாள், ஐலீன் வீட்டுத் தகரத்தின் முன்னால், சட்டையைக் கழற்றிவிட்டுக் குந்தி உட்கார்ந்தார். ராசம்மா முக்காலியில் வசதியாக உட்கார்ந்து சொல்லச் சொல்ல அவர் அடித்தார். மாவு மூக்கில் ஏறியது. முட்டை ஓடு கேக்குக்குள் போனது. கரியை இடுக்கியில்லாமல் தள்ளப் போய், "ஐயோ அம்மா" என்று எழுந்து குதித்தார். ஐலீன் பழைய துணியை எண்ணெயில் நனைத்து அவர் விரலில் கட்டிவிட்டாள்.

"நான் சரியாத்தான் சொன்னேன்" என்றாள் ராசம்மா.

சனிக்கிழமை ராசம்மா உதவியாள் என்ற பேரில் பங்களாவுக்குப் போனாள். பெரிய இரும்பு அடுப்பு, வெள்ளைப் பீங்கான், பளபளக்கும் மேஜை. துரைசானி நாற்காலி போட்டு, நோட்டுப் புஸ்தகமும் பென்சிலுமாக உட்கார்ந்திருந்தாள். கேக்குகள் ஒருவாறு சுட்டு முடிந்தன. அடுப்பே பாதிப் புண்ணியம் கட்டிக்கொண்டது. ஆனால் கனகராஜ் கிரீம் வட்டிலை அடுப்புப் பக்கமே வைத்து அடித்தார். அடிக்க அடிக்க வெண்ணெய் எண்ணெயாகப் பிரிந்து, சீனி அடியில் தங்கி, வட்டிலில் மஞ்சள் குளம் ஒன்று உண்டானது. வாசலில் முதல் கார் சத்தம் கேட்டது.

அவர் ராசம்மாவைப் பார்த்தார். அவள் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். துரைசானி பென்சிலை நிறுத்திவிட்டு அவரையே பார்த்தாள். கனகராஜுக்கு வியர்வை மூக்கு நுனியில் நின்றது. கடைசியில் தரையைப் பார்த்துக்கொண்டு இங்கிலீஷில் ஏதோ சொன்னார். அதில் ராசம்மாவுக்கு ஒரு வார்த்தைதான் புரிந்தது. "வைஃப்."

அது போதும் அவளுக்கு. முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு, வட்டிலைப் பிடுங்கி ஐஸ் பெட்டிக்குள் வைத்தாள். கொஞ்சம் இறுகியதும் வெளியே எடுத்து, ஐஸ் தண்ணீர்மேல் வைத்து அடித்தாள். மஞ்சள் குளம் மெல்ல வெளுத்து, திரண்டு, எழும்பியது. துரைசானி நாற்காலியை விட்டு எழுந்து வந்து எட்டிப் பார்த்தாள். அவளுக்குக் கோபமில்லை. ராசம்மாவின் தோளில் ஒரு விரலால் தொட்டு, சிரித்துவிட்டு, நோட்டுப் புஸ்தகத்தை எடுத்துக்கொண்டு விருந்தாளிகளை வரவேற்கப் போனாள்.

கேக் தட்டுகள் கூடத்துக்குப் போயின. கணவனும் மனைவியும் குசினிக் கதவுக்குப் பின்னால் நின்றார்கள். உள்ளேயிருந்து வியப்புச் சத்தங்கள் வந்தன. யாரோ ஏதோ கேட்டார்கள். துரைசானியின் குரல் கணீரென்று பதில் சொன்னது. கனகராஜின் முகம் ஒரு தினுசாகக் கோணியது.

"என்ன சொல்றாங்க?"

அவர் கையைத் துணியில் துடைத்தார்.

"சொல்லுங்க. இங்கிலீஷ் உங்களுக்குத்தானே தெரியும்."

"யாரு செஞ்சதுன்னு கேட்டாங்க." "'நானே என் கையால செஞ்சேன், இந்த ஊர்ல எல்லாத்தையும் நாமளேதான் கத்துக்க வேண்டியிருக்கு'ங்கிறாங்க."

ராசம்மாவுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு சிரித்தாள். கண்ணில் நீர் வரும்வரை சிரித்தாள். கனகராஜ் முதலில் முறைத்தார். பிறகு அவருக்கும் தாங்கவில்லை. இரண்டு பேரும் குசினிச் சுவரைப் பிடித்துக்கொண்டு சத்தமில்லாமல் குலுங்கினார்கள். பதினொரு வருஷத்தில் அவர்கள் சேர்ந்து சிரித்தது அன்றுதான்.

அடுத்த வாரமே பங்களாத் தோட்டக்காரன் செல்லப்பன் வந்து நின்றான். "தொரைசானி கூப்பிடறாங்க. சனிக்கிழமை மறுபடி டீயாம், அம்பது கேக்காம்."

"தொரைசானி அவங்க கையாலயே பிரமாதமா செய்யறாங்களாம். நான் வேற எதுக்கு நடுவுல இடைஞ்சலா?" என்றாள் ராசம்மா. செல்லப்பன் வாயைப் பிளந்துகொண்டு நின்றான்.

"அப்படிச் சொல்ல முடியுமா?" கனகராஜ் நடுங்கினார்.

"சொல்ல வேணாம். எழுதுங்க. நான் சொன்னதை அப்படியே எழுதுங்க."

அவர் மேஜையில் உட்கார்ந்து எழுதினார். வழக்கத்தைவிட அதிக நேரம் எடுத்தது. எழுதியதைத் தமிழில் படித்துக் காட்டச் சொன்னாள். ஒரு எழுத்துப் பிசகாமல் அவள் சொன்னதையே படித்தார். ராசம்மாவுக்குப் பெருமையாக இருந்தது. மனிதருக்கு முதுகெலும்பு முளைத்துவிட்டது என்றே நினைத்து, கடிதத்தைச் செல்லப்பன் கையில் கொடுத்தனுப்பினாள்.

பொழுது சாயும் முன் டிரெசர் மரியநாதன் கையில் ஒரு புட்டியோடு படியேறி வந்தார். முகத்தில் உண்மையான கவலை.

"என்னம்மா ராசம்மா, உனக்குக் கடுமையான காய்ச்சலாமே? படுத்த படுக்கையா இருக்கறதா உன் வீட்டுக்காரர் எழுதினாராம். தொரைசானி உடனே கொய்னா மருந்து குடுத்துட்டு வரச் சொன்னாங்க. மூணு வேளை. கசப்பா இருக்கும்லா, ஆனா குடிச்சே ஆகணும். நான் நின்னு பார்த்துட்டுப் போய்ச் சொல்லணும்."

கனகராஜ் செய்தித்தாளைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்துக்கொண்டார்.

ராசம்மா அவசரப்படாமல் உள்ளே போய் ஒரு பெரிய கரண்டியை எடுத்து வந்தாள். புட்டியை வாங்கி, கரண்டி வழியும்படி ஊற்றினாள்.

"கொஞ்சம் பேப்பரைக் கீழ எறக்குங்க" என்றாள் புருஷனிடம். "வாயைத் திறங்க."