காதைப் பொத்திய கச்சேரி

ஞானபூரணி டீச்சர் கிளாரினெட்டை எடுத்து உதட்டில் வைத்தால் கோயிலில் இருமல்கூட நின்றுவிடும். இதை வேறு யாரும் சொல்ல வேண்டாம், அவளே சொல்லுவாள்.

பொய்யும் இல்லை. சிவகாசிக்கு வெளியே சாத்தூர் ரோட்டில் இருக்கிற அந்தச் சபையின் பேண்டில், கிறிஸ்துமஸ் என்றாலும் சரி, கல்யாணம், சாவு என்றாலும் சரி, நடுவில் எல்லாரும் வாத்தியத்தை இறக்கிவிட ஒருத்தர் மட்டும் ஊதுகிற இடம் ஒன்று வரும். அந்த இடம் பூரணிக்கு. கல்யாணமாகி இந்த ஊருக்கு வந்த வருசமே அவள் கைக்கு வந்துவிட்டது. அதற்கப்புறம் அதைக் கேட்க ஒருத்தருக்கும் துணிச்சல் வரவில்லை. கணக்கு டீச்சர் வேறு. கேட்டால் முறைக்கிற முறைப்பில் கேட்டவனுக்கு வாய்ப்பாடே மறந்துபோகும்.

அப்பேர்ப்பட்டவளின் இடத்தைப் பிடுங்க வேறு யாரும் வரவில்லை, நாத்தனார்தான் வந்தாள்.

ஜெஸ்லின், பூரணியின் வீட்டுக்காரன் ஜெயசுந்தருக்குக் கூடப்பிறந்த ஒரே தங்கச்சி. சென்னையில் படித்து, அப்புறம் வெளிநாட்டுக்கும் போய், ஊது வாத்தியங்களுக்குப் புதுசு புதுசாக இசை எழுதுவதையே படிப்பாகப் படித்துவிட்டு லீவுக்கு வந்திருந்தாள். வந்தவள் சும்மா இருக்கலாம் அல்லவா? தீபாவளி முடிந்து வருகிற கோயில் கட்டின நாளைக் கொண்டாடுகிற பிரதிஷ்டைப் பண்டிகைக்கு நம்ம பேண்டுக்கே ஒன்று எழுதுகிறேன் என்று கிளம்பினாள். பேண்டு மாஸ்டர் பால்துரைக்குத் தலைகால் புரியவில்லை. வெளிநாட்டில் படித்த பிள்ளை எழுதித் தருகிறது என்றால் சும்மாவா?

முதல் ஒத்திகையிலேயே கூத்து ஆரம்பித்தது. டிரம்பெட்காரனை வாய்ப் பகுதியைக் கழற்றி உள்ளங்கையால் தட்டச் சொன்னாள். சாக்சபோனை ஊதாமல் பொத்தான்களை மட்டும் டொக்டொக்கென்று மூடித் திறக்கச் சொன்னாள். பெரிய டிரம்மை அடிக்கக் கூடாதாம், ஈர விரலால் தேய்க்க வேண்டுமாம். தேய்த்தால் அது மாடு முனகுகிற மாதிரி முனகியது. "நல்லாத்தான இருந்தோம்," என்று பின்வரிசையில் எவனோ முணுமுணுத்தான்.

பூரணி தன் தாளைப் புரட்டினாள். நடுவில் அவள் இடம் வரவேண்டிய பக்கத்தில் ஒரு சுரமும் இல்லை. நீளமாக ஒரு அம்புக்குறி மட்டும் கிடந்தது.

"ஜெஸ்லின், இங்கன ஒண்ணுமே இல்லியே?"

"ஆமா மைனி, அங்க உங்களுக்கு வெறும் காத்துதான். சுரம் வரக்கூடாது. வெம்பக்கோட்டை அணைக்கட்டு மேல நின்னா காதுல உஸ்ஸுன்னு இரையுமே, அந்த மாதிரி மூச்சை மட்டும் உள்ள விடணும்."

"சத்தமே வராம ஊதுறதுக்கு நான் எதுக்கு? ஒரு டேபிள் ஃபேனை வாங்கி வையி."

பேண்டே சிரித்தது. ஜெஸ்லினும் சேர்ந்து சிரித்தாள். அது இன்னும் பற்றிக்கொண்டு வந்தது பூரணிக்கு.

"அப்ப தனியா ஊதுறது ஆரு?"

"அண்ணன்."

இப்போது ஒருத்தரும் சிரிக்கவில்லை. ஏனென்றால் ஜெயசுந்தர் அந்த பேண்டில் ஊதுகிறான் என்பதே பாதிப் பேருக்கு ஞாபகம் இருக்காது. அச்சாபீசில் மை கலக்குகிற வேலை. யூஃபோனியம் என்கிற அந்தப் பெரிய பித்தளை வாத்தியத்தைக் குழந்தையைத் தூக்கி வைத்துக்கொள்வதுபோல் மடியில் வைத்துக்கொண்டு, கடைசி வரிசை மூலையில், எல்லாருக்கும் ஒரு நூல் பின்னாலேயே வருவான். வீட்டில் உட்காரவைத்து சரிகமவிலிருந்து மறுபடி சொல்லிக்கொடுத்தும் தேறவில்லை என்று பூரணியே பலபேர் முன்னால் சொல்லியிருக்கிறாள்.

ஜெஸ்லின் கேட்டது அவன் வாசிப்பையே இல்லை. அவனிடம் ஒரு பழக்கம் இருந்தது. வாத்தியத்தை ஊதிக்கொண்டே தொண்டைக்குள் பாடுவான். அப்படிச் செய்தால் ஒரு குழலிலிருந்து இரண்டு மூன்று குரல் கர்புர்ரென்று பிணைந்துகொண்டு வரும். சின்ன வயசில் தங்கச்சியைச் சிரிக்க வைக்கக் கண்டுபிடித்த விளையாட்டு அது. கல்யாணமான புதுசில் ஒருநாள் பெண்டாட்டிக்கும் செய்து காட்டினான். "என்ன கருமம் இது, பன்னி உறுமுற மாதிரி? வாத்தியத்தை வாத்தியமா ஊதுங்க," என்று பூரணி ஒரே போடாகப் போட்டாள். அதோடு விட்டுவிட்டான். இப்போது அந்தக் கருமத்துக்குத்தான் அவளுடைய இடம் போனது. வயிறு எரியுமா, எரியாதா?

எரிந்தது. அப்படி எரிந்தது. சாயங்காலமானால் அண்ணனும் தங்கச்சியும் மொட்டைமாடிக்குப் போய்விடுவார்கள். கீழே அடுக்களையில் பூரணி வெங்காயம் நறுக்குவாள். மேலே கர்புர், அப்புறம் இரண்டு பேர் சிரிப்பு. "இன்னும் கொஞ்சம் மேல பாடுண்ணே, ரெண்டும் உரசணும்." மறுபடி கர்புர், மறுபடி சிரிப்பு. தன்னிடம் இத்தனை வருசத்தில் இந்த மனுசன் இப்படி வாய்விட்டுச் சிரித்ததே இல்லையே என்று நினைக்க நினைக்க அவள் வெங்காயத்தைக் கூழாக நறுக்கித் தள்ளினாள். கறி கொதிக்கிறது என்ற சாக்கில் ஒருநாள் மாடிக்கே போய் நின்றாள். இருவரும் சட்டென்று நிறுத்திவிட்டார்கள். அவன் பள்ளிக்கூடத்துப் பையன்போல வாத்தியத்தைப் பின்னால் மறைத்தான். அதுதான் அவளுக்கு எல்லாவற்றையும்விட வலித்தது.

அந்த ஆத்திரத்தோடு மறுநாள் பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் கிளாரினெட்டை எடுத்தாள். காற்றுத்தானே வேண்டும், இந்தா காற்று என்று பல்லைக் கடித்துக்கொண்டு, உதட்டை ஒட்ட இறுக்கி ஊதினாள். உஸ் என்று வரவேண்டியது ஸ்ஸ்ஸ்ஸென்று சீறிக்கொண்டு வந்தது.

பின்கட்டில் படாரென்று ஒரு சத்தம். எட்டிப் பார்த்தாள். பக்கத்து வீட்டுச் செல்லக்கனி, அச்சங்குளத்தில் பட்டாசுக்குத் திரி வைக்கிறவள், இரவல் வாங்கின சருவச்சட்டியைத் திருப்பித் தர வந்தவள், சட்டியைக் கீழே போட்டுவிட்டு இரண்டு விரலாலும் காதைப் பொத்தி, கண்ணையும் இறுக மூடிக்கொண்டு நின்றாள்.

"செல்லக்கனி, ஏ செல்லக்கனி!"

விரலை எடுத்தால்தானே கேட்கும். தோளைத் தொட்டதும்தான் கண்ணைத் திறந்தாள். "ஆத்தி! நீங்கதானா டீச்சர்? எவனோ திரியக் கொளுத்திப் போட்டுட்டான்னுல்ல நெனச்சேன். ஈரக்குலையே நடுங்கிப்போச்சு. எம்புட்டு நேரமாக் கூப்பிட்டீக? ஒண்ணுமே கேக்கல."

ஒண்ணுமே கேக்கல. பூரணிக்கு அந்த வார்த்தை சர்க்கரையாக இனித்தது. இந்த ஊரில் வெடி கட்டாத வீடு எது? லேபிள் அடிக்காத கை எது? திரி சீறினால் புத்தி யோசிக்குமுன்னே விரல் காதுக்குப் போய்விடும். வெடித்து முடிகிற வரைக்கும் இறங்காது. மிச்ச ஒத்திகைகளில் அண்ணன் இடம் வந்தால், அது பண்டிகைக்கு இருக்கட்டும் என்று ஜெஸ்லின் தாண்டிப்போனாள்; பூரணியும் தன் சீறலை வெளியே விடவில்லை.

பண்டிகை அன்று காலை ஆராதனை முடிந்து, வெளியே அசனம் என்கிற சபை விருந்துக்கு சாம்பாரும் கறிக்குழம்பும் கொதித்துக்கொண்டிருக்க, கோயிலுக்குள் கச்சேரி ஆரம்பித்தது. செல்போனை எல்லாம் அணைத்துவைக்கச் சொல்லிவிட்டு ஜெஸ்லின் மூன்றாவது வரிசையில் போய் உட்கார்ந்தாள், சனத்தோடு சனமாகத் தன் இசையைக் கேட்க வேண்டுமாம். தட்டலும் டொக்டொக்கும் மாடு முனகலும் வந்தன. சனம் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டாலும் மரியாதைக்குப் பொறுத்துக்கொண்டது. பிறகு எல்லாரும் வாத்தியங்களை மடியில் இறக்கினார்கள். மூலையில் ஜெயசுந்தர் கண்ணை மூடி மூச்சை இழுத்தான்.

பூரணி உதட்டை இறுக்கினாள்.

ஸ்ஸ்ஸ்ஸ்ஸ்.

முன்வரிசையில் ஒரு பெரியவர் முதலில் பொத்தினார். அப்புறம் பார்க்க வேண்டுமே! பெண்கள் பக்கம், ஆண்கள் பக்கம், பாடகர் குழு, எல்லாரும் காதில் விரலை விட்டுக் கண்ணை இறுக்கிக்கொண்டார்கள். தாய்மார் தங்கள் காதை விட்டுவிட்டுப் பிள்ளைகள் தலையை மடியில் அமுக்கிக் குனிந்தார்கள். செல்லக்கனி பெஞ்சுக்கு அடியிலேயே போய்விட்டாள். பால்துரை மாஸ்டர் கோலைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு இரண்டு காதையும் அடைத்தார். பேண்டுக்காரர்களும் அப்படியே. ஏன், இசை எழுதின மகராசி ஜெஸ்லின்! வெளிநாட்டுப் படிப்பெல்லாம் எங்கே போனதோ, அவள் விரலும் காதில்தான் இருந்தது.

பூரணிக்கு உள்ளுக்குள் சிரிப்புப் பொங்கியது. அப்போதுதான் ஜெயசுந்தர் ஊத ஆரம்பித்தான்.

கீழே பித்தளையின் குரல். அதன் மேலே அவன் சொந்தக் குரல், கூச்சத்தோடு. இரண்டும் நெருங்கி, உரசி, உரசின இடத்திலிருந்து மூன்றாவதாக ஒன்று எழும்பியது. அதை யாரும் ஊதவில்லை, யாரும் பாடவில்லை, ஆனால் அது கோயில் உத்தரம் வரைக்கும் போய் நின்றது. மாடியிலிருந்து அரைகுறையாகக் கேட்ட கர்புர் இல்லை இது. ஒரு ஆள் தனக்குள்ளேயே பேசிப் பேசி வைத்திருந்ததெல்லாம் ஒரே நேரத்தில் வாய்விட்டு வருவதுபோல இருந்தது. இவ்வளவும் இந்த மனுசனுக்குள்ளேயா கிடந்தது? தங்கச்சிக்குத் தெரிந்தது பெண்டாட்டிக்குத் தெரியாமல் போயிற்றே!

சீறலை நிறுத்தினால் போதும். கொஞ்ச நேரத்தில் வெடி இல்லை என்று தெரிந்து விரல்கள் இறங்கும், அத்தனை பேரும் கேட்பார்கள். அது அவளுக்கு நன்றாகவே தெரியும்.

நிறுத்தவில்லை. முதலில் எரிச்சலில் நிறுத்தவில்லை. அப்புறம், ஐயோ, இது எனக்கு மட்டும்தான், ஒருத்தருக்கும் கிடையாது, அந்தத் தங்கச்சிக்கும் கிடையாது என்கிற ஆசையில் நிறுத்தவில்லை. மூச்சு வாங்க அவள் ஒரு நொடி நிறுத்தின போதெல்லாம் இந்தா வெடிக்கப்போகிறது என்று சனம் இன்னும் இறுக்கமாகப் பொத்தியது. அவன் கடைசிக் குரலும் அடங்கி, கண்ணைத் திறந்து பார்த்தபோது, எதிரே ஒரு கோயில் நிறையச் சனம் காதைப் பொத்திக்கொண்டு முகத்தைச் சுளித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது.

வெடி வெடிக்கவில்லை. ஒவ்வொருத்தராக விரலை எடுத்து, பக்கத்தில் பார்த்து, சங்கதி புரிந்து, கொல்லென்று சிரித்தார்கள். அப்புறம் கைதட்டினார்களே ஒரு தட்டு! எல்லாம் பூரணிக்கு.

அசனப் பந்தியிலும் அதே பேச்சுத்தான். "டீச்சர், அசல் திரி தோத்துச்சு போங்க!" "வாயா, பட்டாசுக் கம்பெனியா?" பால்துரை மாஸ்டர் அவள் இலைக்கு ஒரு கரண்டி கறி கூடுதலாக வைக்கச் சொன்னார். ஜெஸ்லின் ஓடிவந்து கையைப் பிடித்துக்கொண்டாள்.

"மைனி, எனக்கே விரல் போயிருச்சு! அண்ணன் வாசிச்சது ஒரு பொட்டுக்கூடக் கேக்கல. ஆனா இந்தச் சத்தம் எங்கயுமே கெடைக்காது மைனி. அடுத்தது முழுக்க உங்கள வச்சுத்தான். நீங்க மட்டும் தனியா."

கேட்டது கிடைத்துவிட்டது. பூரணி இலையை மூடிவிட்டு எழுந்தாள். பந்தியில் கணவனைத் தேடினாள். காணோம்.

வீட்டுக்கு வந்து பார்த்தால், அவன் யூஃபோனியத்தைத் துடைத்துப் பெட்டிக்குள் வைத்துக்கொண்டிருந்தான்.

"சாப்பிடாம வந்துட்டீக?"

"பசிக்கல." பெட்டியைப் பார்த்தபடியே சொன்னான். "எல்லாருமே காதப் பொத்திட்டாக, பாத்தியா? நீ அன்னைக்கே சொன்ன. நாந்தான் கேக்கல."

"ஐயோ, அது உங்களுக்காகப் பொத்துனது இல்லைங்க. எனக்காக. நான் திரி மாதிரி சீறுனேன். வேணும்னே செஞ்சேன்."

அவன் மெல்லச் சிரித்தான். "எனக்காகப் பழிய உம்மேல போட்டுக்கிறியாக்கும்? வேணாம் பூரணி."

"சத்தியமா. நான் கேட்டேன். நான் ஒருத்திதான் கேட்டேன். அப்படி ஒண்ணை என் ஆயுசுல கேட்டதில்ல. நல்லா இருந்துச்சுங்க, ரொம்ப நல்லா இருந்துச்சு."

இத்தனை வருசத்தில் அவன் வாசிப்பை நல்லா இருந்தது என்று அவள் சொன்னதே கிடையாது. பாவம், அதனாலேயே அவன் நம்பவில்லை. குழந்தையைத் தட்டுவதுபோல அவள் தோளைத் தட்டினான்.

"இன்னொருக்க ஊதுங்க. எனக்காக. ஒரே ஒருக்க."

கெஞ்சுகிறாளே என்று வாத்தியத்தை வெளியே எடுத்தான். மடியில் வைத்தான், மூச்சை இழுத்தான். பூரணி எதிரில் தரையில் உட்கார்ந்துகொண்டாள்.

ஊதினான். ச, ரி, க, ம. தொண்டைக்குள் பாடாமல், பிசிறில்லாமல், ஒவ்வொரு சுரமாக, அவள் இத்தனை வருசமாகச் சொல்லிக்கொடுத்த மாதிரியே.