எதிரே வந்தவள்

"உள்ள போங்கண்ணி! கோர்ட்டுக்குக் கிளம்பறப்பதான் எதிர்ல வரணுமா?"

கொழுந்தன் செருப்பைக் கழற்றிவிட்டுத் திரும்ப வந்து உட்கார்ந்தான். சகுனம் கழிய ஒரு வாய் தண்ணீர் குடித்தான். புருஷனைப் பறிகொடுத்தவள் எதிரே வந்தால் போகிற காரியம் விளங்காதாம். போகிற காரியம் என்னவோ அவளுடையதுதான். அரசுப் பேருந்து அவள் புருஷனை அடித்துப்போட்டதற்கு வரவேண்டிய நஷ்டஈடு அது.

அவள் பின்னறைக்குப் போய்த் தையல் மெஷின் முன் உட்கார்ந்தாள். அந்தப் பணம் வந்தால் தெருவைப் பார்த்த ஒரு கடையறை பிடித்து, மகளோடு அங்கேயே போய்விடலாம் என்பது அவள் கணக்கு. மாடி எழுப்பலாம் என்பது கொழுந்தன் கணக்கு. போக்குவரத்துக் கழகமோ இரண்டையும் சட்டை செய்யவில்லை. ஆளை அடித்தபோது பிரேக் பிடிக்காத கழகம், பணம் கொடுக்கும்போது மட்டும் பிரேக்கிலிருந்து காலை எடுக்கவே இல்லை. தீர்ப்பு வந்து, வட்டி ஏறி, கடைசியில் நீதிபதிக்கே பொறுமை போய், ஒரு பேருந்தை ஜப்தி செய்யச் சொல்லிவிட்டார்.

கொழுந்தன் போன வேகத்தில் திரும்பி வந்தான்.

"சீக்கிரம் வாங்கண்ணி! மனுதாரர் வந்து கையக் காட்டினாதான் வண்டியப் பிடிப்பேன்னு கோர்ட் அமீனா ஒத்தக்கால்ல நிக்கறாரு."

"நான் வந்தா காரியம் கெட்டுடாதா தம்பி?"

"அதெல்லாம் இப்பப் பாத்தா முடியுமா?"

பேருந்து நிலைய வாசலில் அமீனா நின்றிருந்தார். அவரைக் கண்டதும் முதல் பேருந்து பின்பக்கமாகவே உள்ளே ஓடிப்போனது. அடுத்தது வெளியே வந்தபோது கொழுந்தன் அவள் முதுகுக்குப் பின்னால் பத்திரமாக நின்றுகொண்டு கத்தினான்.

"போங்கண்ணி! நல்லா எதிர்ல போய் நில்லுங்க!"

அவள் நடுவழியில் போய் நின்று கையை உயர்த்தினாள். பேருந்து கிறீச்சிட்டு ஒரு முழ தூரத்தில் நின்றது. அன்றைக்கும் இப்படி நின்றிருக்கலாமே என்று நினைத்ததும் அவளுக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது.

கழக மேலாளர் மூச்சிரைக்க ஓடிவந்தார். இத்தனை காலம் அவள் போனபோதெல்லாம் 'மீட்டிங்கில்' இருந்தவர்.

"வண்டிய விட்டுடுங்கம்மா. நாளைக்கே செக் ரெடி!"

ஒரு மனிதன் போனதற்கு அசையாத கழகம், ஒரு வண்டி போகிறது என்றதும் துடித்துப்போய்விட்டது. அமீனா மசியவில்லை. "பணத்தக் கட்டுங்க, வண்டி தானா வரும்" என்று நோட்டீஸைக் கண்ணாடியில் ஒட்டினார்.

பணம் மறுநாளே நீதிமன்றத்தில் கட்டப்பட்டது. அதை வாங்கப் போகிற காலையில் கொழுந்தன் தலைவாரி, புதுச் சட்டை மாட்டிக்கொண்டு நின்றான்.

"பொம்பள கையில அவ்வளவு பணம் எதுக்கு? என் கணக்குல போட்டுடலாம். நான் முன்னால போறேன், நீங்க பின்னாலயே வாங்கண்ணி."

அவள் பின்னறையிலிருந்து வந்து, வாசற்படியில் அவனுக்கு நேர் எதிரே நின்றாள்.

"எதிர்ல வந்துட்டேன் தம்பி. இனி நீங்க போனா காரியம் விளங்காது. தண்ணி குடிச்சுட்டு உக்காருங்க."

மகளின் கையைப் பிடித்துக்கொண்டு படியிறங்கினாள்.